ஜப்தி நோட்டீஸோடு ஒரு தமிழ்க் காகிதமும் வையுங்கள்: சேலம் மாவட்ட வங்கி அதிகாரிகளுக்கு ஒரு திறந்த மடல்

சேலம் மாவட்டத்து வங்கிக் கிளைகளின் மேலாளர்களுக்கும், வசூல் பிரிவைக் கவனிக்கும் அதிகாரிகளுக்கும், மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவினருக்கும் வணக்கம்.

நான் அஸ்தம்பட்டி நீதிமன்ற வளாகத்தில் வக்கீல் குமாஸ்தாவாக இருக்கிறேன். வழக்குக் கட்டு எடுத்துவைப்பது, சம்மன் அனுப்பும் செலவுக்குப் பேட்டா கட்டுவது, நகல் மனு போடுவது, வாய்தா குறித்துக்கொண்டு வருவது என் வேலை. வங்கிக்கு ஆஜராகும் வக்கீலிடமும் இருந்திருக்கிறேன். கடன் வாங்கியவருக்கு ஆஜராகும் வக்கீலிடமும் இருந்திருக்கிறேன். அதனால் உங்கள் பக்கத்து நியாயம் எனக்குத் தெரியாததல்ல. வங்கியில் இருப்பது ஊரார் போட்ட பணம். அது திரும்பி வந்தால்தான் அடுத்தவருக்குக் கடன் கொடுக்க முடியும். கடனைத் தள்ளுபடி செய்யுங்கள் என்று கேட்க இந்த மடலை எழுதவில்லை.

நான் கேட்பவை இரண்டு. தீர்ப்பான பணத்தை வசூலிக்க நிறைவேற்று மனு போட்டு ஒருவரின் சொத்தை ஜப்திக்குக் கொண்டுவரும்போது, அவருக்குச் சட்டம் என்னென்ன வழிகளை வைத்திருக்கிறது, எந்த நாளுக்குள் எங்கே போக வேண்டும் என்பதை ஒரே பக்கத்தில், தமிழில், உங்கள் கடிதமாகவே அனுப்புங்கள். டிக்ரிக்கு, அதாவது பணம் கட்டச் சொல்லும் தீர்ப்பாணைக்குப் பிறகு அவர் கிளையில் கட்டும் ஒவ்வொரு தொகையையும் நீதிமன்றத்தில் பதிவு செய்யுங்கள். இரண்டுக்கும் புதுச் சட்டம் வேண்டாம். மேலிடத்து அனுமதி கேட்டு டெல்லிக்கு எழுத வேண்டிய வேலையும் இல்லை.

எந்த வழக்குகளைச் சொல்கிறேன் என்பதை முதலில் தெளிவாக்கிவிடுகிறேன். 20 லட்சம் ரூபாயும் அதற்கு மேலும் உள்ள பாக்கி என்றால் நீங்கள் கோயம்புத்தூரில் உள்ள கடன் வசூல் தீர்ப்பாயத்துக்குப் போகிறீர்கள். 2018 வரை அந்த எல்லை 10 லட்சமாக இருந்தது. வீட்டையோ கட்டடத்தையோ அடமானம் வாங்கியிருந்தால், 2002-ஆம் ஆண்டின் சர்ஃபாசி சட்டப்படி 60 நாள் நோட்டீஸ் கொடுத்துவிட்டு, வழக்கே போடாமல் கைப்பற்றும் நடவடிக்கைக்குப் போகிறீர்கள். அங்கே போகிறவர்களுக்குப் பெரும்பாலும் ஒரு வக்கீலாவது இருக்கிறார். நான் பேசுவது அதற்குக் கீழே நிற்பவர்களைப் பற்றி. செவ்வாய்ப்பேட்டையில் வெள்ளிப் பட்டறைக்கு வாங்கிய கடன், இளம்பிள்ளையில் தறிக்கு வாங்கிய கடன், பிள்ளையின் இன்ஜினீயரிங் படிப்புக்குத் தகப்பனும் சேர்ந்து கையெழுத்துப் போட்ட கடன், பக்கத்து வீட்டுக்காரருக்காகப் போட்ட ஜாமீன் கையெழுத்து. இவை எல்லாம் சிவில் கோர்ட்டுக்கு வருகின்றன. இவற்றில்தான் கோர்ட் உத்தரவை நிறைவேற்றும் ஊழியரான அமீனா வீட்டு வாசலுக்கு வருகிறார்.

இந்த வழக்குகளில் பெரும்பாலும் கடன் வாங்கியவர் கோர்ட்டுக்கு வருவதே இல்லை. சம்மன் போகிறது, வாங்கிக்கொள்கிறார் அல்லது கதவில் ஒட்டப்படுகிறது, வாய்தா நாளில் பெயரைக் கூப்பிடுகிறார்கள், ஆள் இல்லை. எக்ஸ்பார்ட்டி தீர்ப்பு ஆகிவிடுகிறது. ஏமாற்றுக்காரர்கள் ஒளிந்துகொள்கிறார்கள் என்று உங்களில் சிலர் நினைக்கிறீர்கள். அப்படிப்பட்டவர்களும் உண்டு, மறுக்கவில்லை. ஆனால் ஜப்திக்குப் பிறகு எங்கள் மேசைக்கு வருகிறவர்களிடம் “ஏன் அப்போதே வரவில்லை?” என்று கேட்டால் பலர் சொல்லும் பதில் ஒன்றுதான்: “வாங்கினது நிஜம்தானே. கோர்ட்டில் போய் என்ன சொல்வது?”

இந்தப் பதில்தான் என்னை இந்த மடலை எழுத வைத்தது. வாங்கவில்லை என்று பொய் சொல்ல மனம் வராதவர் வீட்டிலேயே இருந்துவிடுகிறார். ஆனால் அவர் கோர்ட்டுக்கு வர வேண்டிய காரணமே வேறு. உரிமையியல் விசாரணை முறைச் சட்டத்தின் கட்டளை 20, விதி 11-ஐப் பாருங்கள். தீர்ப்புச் சொல்லும் நேரத்தில், போதிய காரணம் இருந்தால், பணத்தைத் தவணையாகக் கட்டும்படி நீதிமன்றமே உத்தரவிடலாம். அந்த நாள் போய்விட்டால், டிக்ரிக்குப் பிறகு தவணை கேட்டால், வங்கி சம்மதித்தால்தான் கிடைக்கும். “ஐயா, கடன் உண்மை, மாதம் இவ்வளவு கட்டுகிறேன்” என்று நீதிபதி முன்னால் நின்று சொல்வதற்குச் சட்டத்தில் இடம் இருக்கிறது. சொல்லக்கூடிய நாளில் அவருக்கு அது தெரிவதில்லை. தெரியவரும் நாளில் அந்த இடம் அடைபட்டிருக்கிறது.

சம்மனே கைக்கு வரவில்லை, வீடு மாறிப் போயிருந்தோம் என்பவர்கள் உண்டு. அவர்கள் எக்ஸ்பார்ட்டி தீர்ப்பு விவரம் தெரியவந்த 30 நாளுக்குள் அதை நீக்கக் கோரி மனுப் போடலாம். அதுவும் அமீனா வந்து போனபின் யாரோ சொல்லித்தான் தெரிகிறது. அதற்குள் பாதி நாள் கழிந்திருக்கும். இன்னொரு நினைப்பும் ஊரில் பரவியிருக்கிறது. மூன்று வருஷம் ஆகிவிட்டால் கடன் செத்துப்போகும் என்கிறார்கள். வழக்குப் போடுவதற்குத்தான் அந்தக் கணக்கு. டிக்ரி ஆகிவிட்டால் 12 வருஷம் வரை நிறைவேற்று மனுப் போடலாம். எல்லாம் முடிந்துவிட்டது என்று நிம்மதியாக இருந்தவரின் வாசலில் எட்டாவது வருஷம் அமீனா வந்து நிற்கிறார்.

அப்படி ஒரு காலைப் பொழுதை நான் சிவதாபுரத்தில் பார்த்தேன். அது கொலுசு வேலை செய்பவரின் வீடு. முன்னறைதான் பட்டறை. பலகையில் ஊதுகுழல், கொறடு, அரம், பொடி வைக்கும் சின்னக் கிண்ணம். பாதி முடிந்த கொலுசு ஒரு தட்டில் கிடந்தது. வெள்ளி அவருடையதல்ல, கூலிக்குச் செய்யக் கொடுத்த வியாபாரியுடையது. அமீனா நல்ல மனிதர், குரல் உயர்த்தவில்லை. அசையும் பொருள் ஜப்திக்கு வாரண்டு என்று சொல்லி, இருப்பதை எழுத ஆரம்பித்தார். அந்த வீட்டம்மா என்ன செய்தார் தெரியுமா? முந்தானையை இழுத்துக் கழுத்தை மூடிக்கொண்டு சமையலறைக் கதவுக்குப் பின்னால் போய் நின்றுவிட்டார். தாலியைக் கழற்றச் சொல்வார்கள் என்று யாரோ சொல்லியிருக்கிறார்கள்.

சொல்ல மாட்டார்கள். சொல்லவும் முடியாது. உரிமையியல் விசாரணை முறைச் சட்டத்தின் 60-ஆவது பிரிவில் எதை ஜப்தி செய்யக் கூடாது என்று ஒரு நீண்ட பட்டியல் இருக்கிறது. உடுத்தும் துணி, சமையல் பாத்திரம், படுக்கை, மத வழக்கப்படி ஒரு பெண் பிரியக் கூடாத நகை ஆகியவற்றைத் தொடக் கூடாது. கைவினைஞரின் தொழில் கருவியைத் தொடக் கூடாது. விவசாயி என்றால் அவருடைய கலப்பை, பிழைப்புக்கு வேண்டிய மாடு, விதை தானியம் ஆகியவற்றைத் தொடக் கூடாது. விவசாயியோ கூலித் தொழிலாளியோ வீட்டு வேலை செய்பவரோ குடியிருக்கும் சொந்த வீட்டையும் ஜப்தி செய்யக் கூடாது. தொழிலாளியின் கூலி, வருங்கால வைப்பு நிதி, ஆயுள் காப்பீட்டுப் பாலிசிப் பணம் எல்லாம் இந்தப் பட்டியலில் உண்டு. “இந்தச் சலுகை எனக்கு வேண்டாம்” என்று கடன் பத்திரத்தில் முன்கூட்டியே எழுதி வாங்கினாலும் செல்லாது என்று 1976-இல் சேர்த்த உட்பிரிவு சொல்கிறது.

ஒன்றை மறைக்காமல் சொல்ல வேண்டும். வீட்டை அடமானம் வைத்துக் கடன் வாங்கியிருந்தால், அந்த அடமானத்தின் பேரில் வரும் விற்பனையைத் தடுக்க இந்தப் பட்டியல் உதவாது. அதையும் காகிதத்தில் தெளிவாக எழுதுங்கள். பொய்யான நம்பிக்கை கொடுப்பது இன்னொரு கொடுமை.

பட்டியல் சட்டத்தில் இருந்தால் மட்டும் போதாது. “நான் கூலித் தொழிலாளி, இது நான் குடியிருக்கும் வீடு” என்று அவரே கோர்ட்டில் எடுத்துச் சொல்லி, ஆதாரம் காட்ட வேண்டும். யாரும் கேட்காவிட்டால் நீதிமன்றத்துக்குத் தானாகத் தெரிவதில்லை. வங்கியின் நிறைவேற்று மனுவில் வீட்டின் நாலு எல்லை இருக்கிறது. அதில் இருப்பவர் என்ன தொழில் செய்கிறார் என்பதற்கு ஒரே ஒரு சொல்தான் இருக்கும், அதுவும் பல மனுக்களில் இருப்பதில்லை. அந்தச் சிவதாபுரத்துக்காரர் பட்டறைச் சாமான்களைப் பட்டியலில் சேர்க்க வேண்டாம் என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். அவர் தலையைக் குனிந்துகொண்டு தரையையே பார்த்தார். சொல்லலாம் என்று அவருக்குத் தெரியாது.

சம்பளம் வாங்குகிறவர்கள் முழுச் சம்பளமும் போய்விடும் என்று பயந்து வேலையையே விட்டுவிடுகிறார்கள். கணக்கு அப்படியில்லை. முதல் 1,000 ரூபாயையும், மிச்சத்தில் மூன்றில் இரண்டு பங்கையும் தொடக் கூடாது. மாதம் 16,000 ரூபாய் வாங்குகிறவரிடம் அதிகம் போனால் 5,000 பிடிக்கலாம். அதுவும் ஒரே டிக்ரிக்காக மொத்தம் 24 மாதம் பிடித்துவிட்டால் அதற்குமேல் பிடிக்க முடியாது. மில்லிலும் கடையிலும் வேலை பார்க்கும் எத்தனை குடும்பங்களுக்கு இந்த ஒரு கணக்கு தெரிந்தால் போதும், இரவில் தூங்குவார்கள்.

ஜெயில் பயம் அதைவிடப் பெரிது. வசூலுக்குப் போகிறவர்கள் “கைது வாரண்டு வரும்” என்று சொல்லிவிட்டு வருகிறார்கள். பணத்துக்கான டிக்ரியில் பெண்ணைக் கைது செய்யவே முடியாது. 56-ஆவது பிரிவு தெளிவாகச் சொல்கிறது. ஆணாக இருந்தாலும், கட்ட வழியில்லாத ஏழை என்ற ஒரே காரணத்துக்காகச் சிறைக்கு அனுப்பக் கூடாது. கையில் பணம் வைத்துக்கொண்டே கட்ட மறுக்கிறார் என்று காட்ட வேண்டும். 1980-இல் ஜாலி ஜார்ஜ் வர்கீஸ் வழக்கில் நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர் எழுதிய தீர்ப்பு அது. எதிரில் இருந்தது ஒரு வங்கிதான், கொச்சின் வங்கி. உங்கள் வசூல் ஆட்களுக்கு இந்தத் தீர்ப்பைச் சொல்லிக்கொடுங்கள்.

இனி நான் முக்கியமாகக் கேட்கும் இரண்டாவது விஷயத்துக்கு வருகிறேன். டிக்ரிக்குப் பிறகு கிளையில் கட்டும் பணம்.

அம்மாபேட்டையிலிருந்து ஓர் அம்மா வந்தார். தறிக் கடன். வீட்டு ஜப்தி முடிந்து ஏல அறிவிப்புக்கு வாய்தா போட்டிருந்தார்கள். மஞ்சள் பையிலிருந்து ஒரு கட்டுச் சீட்டை எடுத்து மேசையில் வைத்தார். வங்கியில் பணம் கட்டிய கவுண்டர்ச் சீட்டுகள். சில மாதம் 2,000, சில மாதம் 1,500, தீபாவளி மாதம் மட்டும் ஒரு பெரிய தொகை. ஓரம் சுருண்டு, மை மங்கி, ஒரு சீட்டில் தேதியே படிக்க முடியவில்லை. ரப்பர் பேண்டு போட்டு, மாத வரிசை மாறாமல் அடுக்கியிருந்தார். நிறைவேற்று மனுவை எடுத்துப் பார்த்தோம். அதில் ஒரு ரூபாய்கூடக் கழியவில்லை.

மேலாளரைக் கேட்டார்கள். “கணக்கில் வரவு வைத்துவிட்டோம்” என்றார், உண்மைதான். வங்கியின் வக்கீலைக் கேட்டார்கள். “எனக்குக் கிளையிலிருந்து தகவல் வரவில்லை” என்றார், அதுவும் உண்மை. நீதிமன்றப் பதிவேட்டில் அந்தப் பணம் இல்லை, அதுவும் உண்மை. மூன்று பேரும் உண்மையே பேசினார்கள், அந்த அம்மாவின் வீடு மட்டும் முழுத் தொகைக்கு ஏலத்துக்குப் போய்க்கொண்டிருந்தது.

காரணம் கட்டளை 21, விதி 2. கோர்ட்டுக்கு வெளியே கட்டிய பணத்தை டிக்ரி வாங்கியவர் நீதிமன்றத்தில் சான்றளிக்க வேண்டும் என்று அந்த விதியின் முதல் உட்பிரிவே சொல்கிறது. அதாவது அது உங்கள் கடமை. நீங்கள் செய்யாவிட்டால் கட்டியவரே மனுப் போட்டுப் பதிவு செய்யச் சொல்லலாம். அதற்குக் காலக்கெடு கட்டிய நாளிலிருந்து 30 நாள். சான்றளிக்கவோ பதிவு செய்யவோ படாத பணத்தை, டிக்ரியை நிறைவேற்றும் நீதிமன்றம் கணக்கில் எடுத்துக்கொள்ளவே கூடாது என்று மூன்றாவது உட்பிரிவு சொல்கிறது. நீதிபதிக்கு இரக்கம் இருந்தாலும் சட்டம் கையைக் கட்டிவைத்திருக்கிறது.

கிளை மேலாளர் சில வருஷத்துக்கு ஒருமுறை மாறிப் போகிறார். பழைய வழக்குக் கோப்பு வட்டார அலுவலகத்தில் கிடக்கிறது. பணம் வாங்கும் கவுண்டரில் இருக்கும் பிள்ளைக்கு அந்தக் கணக்கின்மேல் நிறைவேற்று மனு ஓடுகிறது என்பதே தெரியாது. யாருடைய கெட்ட எண்ணமும் இதில் இல்லை என்று எனக்குத் தெரியும். அதனால்தான் சரிசெய்வதும் எளிது. டிக்ரி ஆன கணக்கில் பணம் வரவானால், அன்றைக்கே வங்கி வக்கீலுக்குத் தொகையும் தேதியும் எழுதிப் போகட்டும். அடுத்த வாய்தாவில் “இவ்வளவு வரப்பெற்றோம்” என்று அவர் ஒரு மெமோ தாக்கல் செய்யட்டும். அந்த மெமோவைத் தட்டச்சு செய்ய ஐந்து நிமிடம் ஆகாது. நானே எத்தனையோ முறை தட்டியிருக்கிறேன்.

முழுப் பணமும் கட்டி முடித்தவர்களுக்கும் இதே கதைதான். வங்கி “நோ டியூஸ்” கடிதம் கொடுத்துவிடுகிறது. ஜப்தியை நீக்கிய உத்தரவு சார்பதிவாளர் அலுவலகத்துக்குப் போவதில்லை. மகளின் கல்யாணத்துக்கு நிலத்தை விற்கப் போகிறபோது வில்லங்கச் சான்றில் பழைய ஜப்தி நிற்கிறது. பத்திரம் பதிவாகாமல் திரும்பி வருகிறார்கள். கடனை அடைத்தவருக்கு இந்தத் தண்டனை எதற்கு? நிறைவேற்று மனுவை முடித்து, ஜப்தியை நீக்கிய உத்தரவின் நகல் சார்பதிவாளருக்குச் சேர்வது வரை உங்கள் வக்கீலின் வேலை என்று எழுதிக்கொடுத்துவிடுங்கள்.

ஏலத்தைப் பற்றியும் சொல்ல வேண்டும். ஏற்காட்டு மலையில் நாகலூர்ப் பக்கத்திலிருந்து ஒரு பெரியவர் இறங்கி வருவார். பெரியப்பா மகன் வாங்கிய ஜீப் கடனுக்கு ஜாமீன் போட்டவர். அவன் ஊரை விட்டுப் போய்விட்டான். வங்கி இவருடைய காப்பித் தோட்டத்தை ஜப்தி செய்துவிட்டது. கடன் வாங்கியவனை விட்டுவிட்டு நேரே என்னிடம் வரலாமா என்பது அவருடைய முதல் கேள்வி. வரலாம், 1872-ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டத்தின் 128-ஆவது பிரிவுப்படி ஜாமீன்தாரரின் பொறுப்பும் கடனாளியின் பொறுப்பும் ஒன்றுதான். கையெழுத்து வாங்கும் நாளில் இதை அவருக்கு யார் சொன்னார்கள்? “சும்மா ஒரு சாட்சிக் கையெழுத்து மாதிரிதான்” என்று சொல்லி வாங்கியிருக்கிறார்கள்.

அவருடைய இரண்டாவது கேள்வி: “முழுத் தோட்டமும் போய்விடுமா?” அவருடைய பாக்கிக்கு ரோட்டோரத்து அரை ஏக்கரே போதும். கட்டளை 21, விதி 64 அதைத்தான் சொல்கிறது: டிக்ரித் தொகைக்கு எவ்வளவு பகுதி தேவையோ அவ்வளவை விற்றால் போதும். 1989-இல் அம்பட்டி நரசய்யா வழக்கில் உச்ச நீதிமன்றம் இதை நீதிமன்றத்தின் கடமை என்றே சொன்னது. சில ஆயிரம் ரூபாய் டிக்ரிக்காகப் பத்து ஏக்கரை மொத்தமாக ஏலம் போட்டதை அந்தத் தீர்ப்பு ஏற்கவில்லை. ஆனால் நிறைவேற்று மனுவின் சொத்து விவரத்தில் முழுச் சர்வே நம்பரையும் எழுதுவதுதான் வழக்கமாக இருக்கிறது. எந்தப் பகுதியை விற்றால் போதும் என்று மனுப் போடும்போதே யோசியுங்கள்.

விற்பனை அறிவிப்பில் விலை எழுதும் கட்டத்திலும் கடனாளிக்கு வேலை இருக்கிறது. விதி 66-இன்படி, வங்கி சொல்லும் மதிப்போடு அவர் சொல்லும் மதிப்பும் ஏல அறிவிப்பில் இடம்பெற வேண்டும். வராமல் இருந்துவிட்டால் உங்கள் மதிப்பு மட்டும்தான் அதில் இருக்கும். காப்பி, மிளகு, நிழல் மரம் என்று நிற்கும் தோட்டத்தைச் சேலத்தில் உட்கார்ந்து வழிகாட்டி மதிப்பைப் பார்த்து எழுதினால் என்ன விலை வரும்? ஏலம் எடுக்க வருபவர் வழக்கில் இருக்கும் சொத்து என்று இன்னும் குறைத்துத்தான் கேட்பார். குறைந்து போனால் உங்கள் பாக்கியும் முழுசாக அடைவதில்லை, மிச்சத்துக்கு மறுபடியும் அவர் பின்னால் அலைகிறீர்கள். அவரே தனியாக ஆள் பார்த்து நல்ல விலைக்கு விற்று உங்களுக்குக் கட்ட விதி 83 வழி விடுகிறது. அடமானச் சொத்து விற்பனைக்கு அது பொருந்தாது. சாதாரண ஜப்திக்குப் பொருந்தும். விற்றோ, குத்தகைக்கு விட்டோ, அடகு வைத்தோ பணம் புரட்டிவிடுவேன் என்று நீதிமன்றத்தை நம்பச் செய்தால் ஏலத்தைத் தள்ளிவைக்கலாம்.

மலையில் காப்பி பழுப்பது கார்த்திகை, மார்கழி, தை மாதங்களில். வருஷத்துப் பணம் முழுக்க அப்போதுதான் கைக்கு வரும். ஆடியில் ஏலத் தேதி வைத்தால் அந்த மனிதரிடம் என்ன இருக்கும்? இருபது கொண்டை ஊசி வளைவு இறங்கி வந்து வாய்தாவுக்கு நின்றுவிட்டுப் போகக் கடன்தான் வாங்க வேண்டும். தேதி கேட்கும்போது உங்கள் வக்கீல் இதை நினைத்துப் பார்க்கலாம், சட்டம் தடுக்கவில்லை.

ஏலமே முடிந்துவிட்டாலும் ஒரு வழி இருக்கிறது. விதி 89. ஏலம் எடுத்தவருக்கு ஏலத் தொகையில் நூற்றுக்கு 5, உங்களுக்கு அறிவிப்பில் கண்ட பாக்கி, இரண்டையும் 60 நாளுக்குள் கட்டி மனுப் போட்டால் ஏலம் ரத்தாகும். ஏலத்தில் தப்பு நடந்தது என்று காட்ட வேண்டியதில்லை. பங்காளிகள், மாமன் மச்சான் எல்லாம் சேர்ந்தால் புரட்டிவிடக்கூடிய தொகையாகப் பல வழக்குகளில் இருக்கும். சுத்தமாகப் போனது என்று நினைத்து மூன்று மாதம் கழித்துப் பணத்தோடு வருகிறார்கள். அப்போது அந்தப் பணத்தை வாங்க யாருக்கும் அதிகாரம் இல்லை. இதைச் சொல்லித் திருப்பி அனுப்புவது என் வேலையில் எனக்கு மிகவும் கஷ்டமான வேலை.

முன்பு ஜப்தி என்றால் ஊரில் தண்டோரா போடுவார்கள். சட்டத்தில் பறை அடித்து அல்லது வழக்கமான வேறு முறையில் அறிவிக்க வேண்டும் என்று இருக்கிறது. தண்டோரா போடும் வழக்கத்தைத் தடை செய்யச் சொல்லி 2022-இல் தமிழ்நாட்டின் தலைமைச் செயலர் மாவட்ட ஆட்சியர்களுக்கு எழுதினார். நல்ல காரியம்; ஒரு சாதியாரின் தோளில் அந்த வேலையைச் சுமத்திய வழக்கம் ஒழிய வேண்டியதுதான். ஆனால் ஒன்றைக் கவனியுங்கள். ஊருக்குச் சேதி சொல்வதற்குச் சட்டம் இவ்வளவு யோசித்திருக்கிறது. வீட்டுக்காரருக்கு அவருடைய வழியைச் சொல்வதற்கு யாரும் யோசிக்கவில்லை. கதவில் ஒட்டும் உத்தரவில் அவர் செய்யக் கூடாதது இருக்கிறது: விற்கக் கூடாது, ஒத்திக்கு வைக்கக் கூடாது. செய்யக்கூடியது எதுவும் இல்லை.

நீதிமன்ற நோட்டீஸின் வாசகத்தில் நீங்களோ நானோ கை வைக்க முடியாது. அது சட்டம் கொடுத்த படிவம். உங்கள் வங்கியின் கடிதத்தாள் உங்களுடையது. நிறைவேற்று மனு எண் கிடைத்ததும் பதிவுத் தபாலில் ஒரு கடிதம் போகட்டும். கீழமை நீதிமன்றங்களில் தமிழ் வழங்க வேண்டும் என்று ஆட்சிமொழிச் சட்டத்தை 1976-இலேயே திருத்தியிருக்கிறார்கள். வங்கிக் கடிதம் மட்டும் இன்னும் ஆங்கிலத்தில் எதற்கு?

அந்தக் கடிதத்தில் என்ன இருக்கலாம் என்று என் அறிவுக்கு எட்டிய வரை எழுதிப் பார்த்தேன்:

“உங்கள் கடன் கணக்கில் நீதிமன்றத் தீர்ப்புப்படி இன்றைய தேதியில் பாக்கி இவ்வளவு. தீர்ப்புக்குப் பிறகு நீங்கள் கட்டியதாக எங்கள் கணக்கில் உள்ள தொகைகள் பின்பக்கத்தில் உள்ளன; விட்டுப்போனது இருந்தால் சீட்டோடு உடனே கிளைக்கு வாருங்கள். இனி கட்டும் தொகையை நாங்கள் நீதிமன்றத்தில் பதிவு செய்வோம். பதிவானதா என்று நீங்களும் வாய்தா நாளில் கேளுங்கள். உங்கள் வழக்கு எண் இது, நீதிமன்றம் இது, அடுத்த வாய்தா இந்த நாள். கட்டாயம் வாருங்கள். கடன் உண்மை என்றாலும் வாருங்கள். தொழில் கருவி, சமையல் பாத்திரம், தாலி ஆகியவற்றை ஜப்தி செய்ய முடியாது. விவசாயியோ கூலித் தொழிலாளியோ ஆகிய நீங்கள் குடியிருக்கும், அடமானம் வைக்காத வீடு என்றால் அதை நீதிமன்றத்தில் சொல்லுங்கள், ஆதாரம் கொண்டுவாருங்கள். சொத்தில் ஒரு பகுதியை விற்றாலே கடன் அடையும் என்றால் அதைச் சொல்லுங்கள். உங்கள் சொத்தின் மதிப்பை நீங்களும் எழுதிக் கொடுங்கள். நீங்களே விற்றுக் கட்ட நினைத்தால் ஏலத்துக்கு முன்பே அவகாசம் கேளுங்கள். ஏலம் முடிந்தாலும் 60 நாளுக்குள் உரிய தொகையைக் கட்டிச் சொத்தைக் காக்கலாம். வக்கீல் வைக்க வசதி இல்லையென்றால் மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்குப் போங்கள். பெண்களுக்கும், பட்டியல் சாதி, பழங்குடி மக்களுக்கும் வருமானம் பார்க்காமல் இலவச வக்கீல் கிடைக்கும்.”

சட்டப்பணிகள் ஆணைக்குழுவினருக்கு ஒரு வேண்டுகோள். சமரசமாக முடிக்கும் மக்கள் நீதிமன்றமான லோக் அதாலத்தில் வங்கி வழக்குகளை முடித்துவைக்கிறீர்கள். கோர்ட் கட்டணம் திரும்பக் கிடைக்கிறது, மேல்முறையீடு இல்லாமல் முடிகிறது, நல்லது. ஆனால் நிறைவேற்று மனுவில் ஏல நாள் நெருங்கியவர்களுக்கு அடுத்த லோக் அதாலத் வரை காத்திருக்க நேரமில்லை. வளாகத்தில் உங்கள் அலுவலகத்திலேயே வாரத்தில் ஒரு நாள் ஜப்தி, ஏல நோட்டீஸ்களைப் படித்துச் சொல்ல மட்டும் ஒரு வக்கீலை உட்காரவையுங்கள். மலைக் கிராமத்துக்காரர்களுக்கு ஏற்காட்டிலேயே மாதம் ஒரு நாள் உட்கார்ந்தால் இன்னும் நல்லது.

மேலே எழுதிய வாசகத்தை உங்கள் வக்கீல்கள் பார்க்கட்டும், கூட்டட்டும், குறைக்கட்டும். முன்னோடி வங்கி நடத்தும் அடுத்த மாவட்ட வங்கியாளர் கூட்டத்தில் இதை ஒரு பொருளாகச் சேர்த்துப் பேசுங்கள். ஒரு வங்கியாவது தொடங்கினால், முதல் நூறு கடிதங்களுக்கு விலாசம் எழுதி, வழக்கு எண்ணைச் சரிபார்த்துத் தரும் வேலையைக் கூலி வாங்காமல் செய்து தருகிறேன்.

இப்படிக்கு,
வக்கீல் குமாஸ்தா ஒருவர்,
அஸ்தம்பட்டி, சேலம்